பதினாலு நாள்

"மாடி ராஜ்யசபா, கீழ லோக்சபா" என்று கொரட்டூர் வீட்டுக்குப் பேர் வைத்தவள் ஆக்னஸ். மாடியில் அவளும் கணவர் இருதயராஜும். கீழே மகன் கிருபாகரன் குடும்பம்.

கிருபாகரன் மாடியேறி வந்து காகிதத்தை நீட்டினான்.

"நாங்க முடிவு பண்ணிட்டோம்பா. உங்க கையெழுத்துதான் பாக்கி."

"பண மசோதாவா நைனா?"

அவன் தலை குனிந்தான். "பணமும்தான்."

"அத்த ராஜ்யசபா தடுக்க முடியாது. பதினாலு நாள் வச்சிக்கலாம். வச்சிக்கிறேன்."

அதன்பின் தினமும் காலையில் பஸ் ஏறிப் போனவர், இருட்டிய பிறகே வீடு திரும்பினார்.

பதினாலாம் நாள் சவரம் செய்துகொண்டு, ஆஸ்பத்திரிக்குப் போய்க் கையெழுத்துப் போட்டார். டாக்டர் வென்டிலேட்டரை நிறுத்தினார்.

ஆக்னஸின் விரல்களை விடாமலே மகனைப் பார்த்தார் இருதயராஜ்.

"ராஜ்யசபாவ யாராலயும் கலைக்க முடியாதுன்னு சொல்லிக்கினே இருப்பா, நைனா."