நாவலில் வந்த அம்மா

சென்னையில் படிக்கும் பதினாறு வயதுப் பெண்ணின் கதை அந்த நாவல். வாசித்துக்கொண்டே பெர்லின் அழுத அழுகையில், அடுப்பில் சாளை மீன் கறி கரிந்து, அதன் வாசம் கொட்டாரம் சந்தைவரை போய்விட்டு வந்தது.

மகள் ஸ்டெனி பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் புத்தகத்தை அவளிடம் நீட்டினாள் பெர்லின்.

"இதுல வாற தள்ளைக்கு அறிவு வேண்டாமா? பெத்த பிள்ளைய எப்பமும் சந்தேகம். பின்ன அவ தள்ளைக்கிட்ட வாயைத் தொறப்பாளா? நீ ஏன்ட்டி எங்கிட்ட பேசமாட்டேங்க? நான் இவள மாதிரியா?"

"அம்மா, இந்தப் புக்கு ஒனக்கு எப்பிடிக் கிட்டிச்சு?"

"ஒனக்க பேக்குலதான். நீ குளிக்கப் போகும்போ தெனமும் கொட்டிப் பாப்பேன். இன்னைக்கு இதுதான் கிட்டிச்சு."

ஸ்டெனி அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள்.

"பாத்தியா," என்றாள் பெர்லின், கரிந்த சட்டியிடம். "இப்பமும் பேசமாட்டேங்கா."