காழ் பாய்ந்த வேம்பு

வேப்பமரத்துக்குப் பக்கத்து இலவமரத்தைக் கண்டாலே ஆகாது. தன் பங்கு வெயிலையெல்லாம் அது திருடுகிறதாம். "இந்த நெட்டையன் விழறதை நான் பார்க்கணும்" என்று விடிந்ததுமே ஆரம்பித்துவிடும். கிளையிலிருக்கும் மைனா அதே குரலில் சொல்லிக் காட்டிச் சிரிக்கும்.

"சிரிக்காதடி. அவன்மேல இருக்கிற ஆத்திரத்துல என் உள்கட்டையே இறுகிக் காழாயிடுச்சு. காழ்ப்புங்கிற பேரே அதுல வந்ததுதான். கொத்திப் பாரு, இரும்பு!"

"ஆமாக்கா, அலகு வலிக்குது."

ஒருநாள் கோடரியோடு இருவர் வந்தார்கள். வேம்புக்கு ஒரே குஷி. இலவமரத்தைத் தட்டிப் பார்த்தார்கள். "வெறும் சொத்தைக் கட்டை. ஒண்ணுக்கும் உதவாது." அடுத்து வேம்பைத் தட்டினார்கள். "அடேயப்பா, என்னமா காழ் பாய்ஞ்சிருக்கு! இதைச் சாய்ச்சிடு."

சாய்த்துவிட்டார்கள். மைனா இலவமரத்துக்குக் குடிபோனது. மறுநாள் விடிந்ததும், பழக்கதோஷத்தில், வேம்பின் குரலிலேயே கத்தியது: "இந்த நெட்டையன் விழறதை நான் பார்க்கணும்!"