பாக்தாத்தும் பஃபலோ ரோடும்

"பாலகிருஷ்ணா, உண்மையைச் சொல்லு. பாய் கடைக்குத் திருட்டுத்தனமா பால் ஊத்தினது நீதானே?"

வடிவேலு போட்ட சத்தத்தில் மாடுகளே அசைபோடுவதை நிறுத்தின.

பாலகிருஷ்ணன் தலையைக் குனிந்துகொண்டார்.

"பாத்தீங்களா? வாயே திறக்க மாட்டேங்கிறான். துரோகி!" என்றாள் தங்கம்.

பஃபலோ ரோட்டு மாட்டுக்கொட்டகையில் கூடியிருந்த பால்காரர்கள் ஐந்து பேர். வடிவேலு, தங்கம், பாலகிருஷ்ணன், அப்புறம் சுப்பிரமணியமும் அவர் தம்பியும். அண்ணன் தம்பிக்குள் பேச்சுவார்த்தை கிடையாது. தனி மாடு, தனி வாளி.

இந்த வழக்குக்கு விதை விழுந்த இடம் பாக்தாத்.

1960, ஆகஸ்ட் மாதம். தேத்தண்ணிக் கடை நெய்னா முகம்மது பால் விலையில் போத்தலுக்கு ஐந்து காசு குறைத்துவிட்டார். யாரையும் கேட்கவில்லை. "இஷ்டம்னா ஊத்துங்க. இல்லாட்டி டின் பால் இருக்கு லா" என்றார். ஐவரும் பொருமிக்கொண்டே ஊற்றினார்கள்.

அடுத்த மாதம் அதே கடையில் தியாகராசா பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். யாழ்ப்பாணத்துக்காரர். எண்ணெய்க் கம்பெனி ஒன்றில் கணக்கெழுதும் கிராணி.

"கேட்டியளோ வடிவேலு? பெரிய எண்ணெய்க் கொம்பனியள் போன மாசம் விலையைக் குறைச்சுப்போட்டாங்கள். எண்ணெய் எடுக்கிற நாடுகளை ஒரு வார்த்தை கேக்கேல்லை. இப்ப ஈராக், ஈரான், குவைத், சவூதி, வெனிசுவேலா, அஞ்சு பேரும் பாக்தாத்தில கூடி ஒண்டாச் சேந்திட்டினம். இனித் தங்களைக் கேக்காமல் விலையில கை வைக்கேலாதாம்."

"அஞ்சு பேரா?" வடிவேலு நிமிர்ந்தார். "நாங்களும் அஞ்சு பேருதான்!"

"எண்ணெய் இல்லாமல் கப்பல் ஓடுமோ, பிளேன் பறக்குமோ? அவை சேந்து நிண்டால் பெரிய பெரிய அரசாங்கமே இறங்கி வரும். ஆனா ஒண்டு. ஒருத்தர் கள்ளமா விலை குறைச்சு வித்தாலும் எல்லாம் கவிழ்ந்துபோம்." தியாகராசா குரலைத் தாழ்த்தினார். "நான் சொன்னதெண்டு ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதேங்கோ. நான் கொம்பனி ஆள்."

மறுநாளே ஐவரும் காளியம்மன் கோயிலில் சூடம் அடித்துச் சத்தியம் செய்தார்கள். பழைய விலைக்கும் மேலே, இனிப் போத்தல் நாற்பத்தைந்து காசு. கடையோ வீடோ, யாருக்கும் ஒரு காசு குறைப்பதில்லை. ஓசி என்ற பேச்சே கிடையாது.

சிராங்கூன் ரோடே அலறியது. நெய்னா முகம்மது சொன்னபடி டின் பாலுக்கு மாறினார்.

"டின் பால் தேத்தண்ணியை எத்தனை நாளைக்குக் குடிப்பாங்க? பாய் தானா வருவார்" என்றார் வடிவேலு.

மூன்று வாரமாகியும் பாய் வரவில்லை. கடையில் கூட்டம் குறையவும் இல்லை. சந்தேகப்பட்டு வடிவேலுவே போய் ஒரு கிளாஸ் வாங்கிக் குடித்தார். மீசையில் பாலாடை ஒட்டியது.

டின் பாலில் ஏது ஆடை?

"எங்கேருந்து பாய் இந்தப் பால்?"

"ஆண்டவன் குடுக்கிறான் லா."

அன்று மாலையே கொட்டகையில் விசாரணை.

"விடியக்காலையில பாய் கடைப் பின்சந்துல இவன் துண்டு போட்டு மூடின போத்தலோட போனான். என் ரெண்டு கண்ணால பாத்தேன்" என்றாள் தங்கம்.

"அந்த நேரத்துல உனக்கென்ன அங்க வேலை?" என்று சுப்பிரமணியம் கேட்டார்.

"நான்... சும்மா போனேன். அதுவா இப்ப பேச்சு?"

வடிவேலு தீர்ப்புச் சொன்னார். "நாளையிலேருந்து இவன் மாட்டுக்கு இந்தக் கொட்டகையில இடம் இல்லை."

"சரிதான்" என்றார் சுப்பிரமணியம்.

"சரிதான்" என்றார் தம்பி. கோயில் சத்தியத்தை விட்டால், ஆறு வருஷத்தில் இருவரும் ஒத்துப்போன முதல் விஷயம்.

பாலகிருஷ்ணன் மாட்டை அவிழ்க்கப் போனார். இந்த மாட்டை விட்டால் அவருக்கு வேறு பிழைப்பில்லை.

"அண்ணே, அவரை விட்டுடுங்க!"

வாசலில் சம்சுன்னிசா நின்றிருந்தாள். பாய் கடைக்குப் பின்னால் ஒற்றை அறையில் குடியிருப்பவள். புருஷன் யாக்கூப் எண்ணெய்க் கப்பலில் வேலைக்குப் போய் நான்கு மாதமாகிறது. கடிதமும் இல்லை, பணமும் இல்லை. பால் விலை ஏறியதும் பிள்ளைகளுக்குப் பால் வாங்குவதை நிறுத்தியிருந்தாள்.

"பாய்க்குப் பால் குடுத்தது நான்தான்" என்றாள்.

"நீயா? உன்கிட்ட மாடு ஏது?" என்றார் வடிவேலு.

"எனக்கு வந்த பாலுதான் அண்ணே. ரெண்டு பிள்ளைக்கு ஒரு போத்தல் போதும். மிச்சம் நாலு போத்தல் கெட்டுப்போகுதேன்னு பாய்கிட்ட குடுத்து ரொட்டி வாங்கினேன். அவர் அதை டின் பாலோட கலந்துக்கிட்டார்."

"தினம் அஞ்சு போத்தலா! எவன் குடுத்தான்?"

"சொல்லக்கூடாதுன்னு சத்தியம் வாங்கியிருக்காங்க."

பாலகிருஷ்ணன் திரும்பினார். "நான்தான் குடுத்தேன். ஓசியாத்தான் குடுத்தேன். பச்சைப் புள்ளைங்க அழுறதைக் கேட்டுக்கிட்டு என்னால போக முடியலை. ஆனா நான் குடுத்தது ஒரு போத்தல்தான்!"

"அப்ப மீதி நாலு?" என்றார் தம்பி.

தங்கம் கூரையைப் பார்த்தாள். சுப்பிரமணியம் வாளியைப் பார்த்தார். தம்பி அண்ணனைப் பார்த்தார். அண்ணனும் பார்த்தார்.

"ஒருத்தர் குடுக்கிறதை இன்னொருத்தர்கிட்ட சொல்லக்கூடாதுன்னா, நான் எப்படிண்ணே போதும்னு சொல்றது?" என்ற சம்சுன்னிசா, கூடையிலிருந்த ஐந்து காலி போத்தல்களையும் வரிசையாகக் கீழே வைத்தாள்.

பிறகு, எல்லாரையும் முந்திக்கொண்டு வாசலைப் பார்த்து நழுவிக்கொண்டிருந்தவரிடம் மெதுவாகக் கேட்டாள்:

"வடிவேலண்ணே, உங்க போத்தலை இப்பவே எடுத்துக்கிறீங்களா, இல்ல வழக்கம்போல விடியக்காலையில வந்து வாங்கிக்கிறீங்களா?"