வலைக்கடை முதலாளி

“கடை எனக்குச் சொந்தமில்லை ஐயா, என்ட மனுசி சுகிர்தாடது. நான் அங்க சம்பளத்துக்கு நிக்கிறனான்,” என்று திருகோணமலை நீதிமன்றத்தில் சத்தியம் செய்தான் புவிதரன்.

வான் வண்டி வாங்க அவன் பட்ட கடனுக்காக, உட்துறைமுக வீதியிலுள்ள வலைக்கடையை விற்றுத் தரும்படி, கடன் கொடுத்த மங்களேஸ்வரி வழக்குப் போட்டிருந்தாள்.

புவிதரன் படகுக்காரர்களைச் சாட்சிக்குக் கூட்டி வந்திருந்தான்.

“வலை பொத்துறது, கயிறு அளக்கிறது, விலை சொல்லுறது எல்லாம் சுகிர்தா தங்கச்சிதான். இவர் கதிரையில இருப்பார்,” என்றார்கள் அவர்கள். அவன் சொல்லிக் கொடுத்ததுதான். ஆனால் அதில் ஒரு சொல்லும் பொய்யில்லை.

“ஓம் ஐயா, கடை எனக்குத்தான் சொந்தம்,” என்றாள் சுகிர்தா.

கடை தப்பியது. வானை விற்றுக் கடனை அடைத்தான் புவிதரன்.

மறுநாள் காலை அவன் கடைக்கு வந்தபோது, அவனுடைய கதிரையில் சுகிர்தா உட்கார்ந்திருந்தாள்.

“எழும்பு.”

“சம்பளக்காரர் முதலாளிட கதிரையில இருக்க ஏலாது. அந்தக் கயிறை அளந்து வெட்டுங்கோ.”

“விசர்க்கதை கதையாத! கோட்டில சும்மா சொன்னனான்.”

“சத்தியம் பண்ணிச் சொன்னனீங்கள். மாத்திச் சொன்னா பொய்ச்சத்தியம் எண்டு மறியலில அடைச்சுப் போடுவாங்கள்.”

அப்போது சிரித்துக்கொண்டே கடைக்குள் நுழைந்தாள் மங்களேஸ்வரி.

“இவவுக்கு இங்க என்ன வேலை?” என்று கத்தினான் புவிதரன்.

சுகிர்தா அவனைத் திரும்பியும் பார்க்கவில்லை.

“வாங்கோ அக்கா. நான் கேட்டபடியே வழக்குப் போட்டுத் தந்தியள். ‘கடையில உனக்கென்ன பங்கு’ எண்டு இத்தனை வருசமாக் கேட்ட மனுசன், முழுக் கடையையும் தானே எழும்பி நிண்டு தந்திட்டார்.”