நாற்காலிகள் கொடுத்த விருது

அந்தத் தியேட்டரில் வருஷக் கடைசியில் மடக்கு நாற்காலிகள் கூடி, சிறந்த படத்துக்கு ஓட்டுப் போட்டு விருது கொடுக்கும். ஆள் உட்கார்ந்தால் திரை மறைந்துவிடும். அதனால் ஆளே வராத படத்தைத்தான் அவை முழுசாகப் பார்த்திருக்கும். விருதும் அதற்கே போகும்.

இந்த வருஷம் ஓரத்து நாற்காலி மட்டும், கூட்டம் அலைமோதிய ஒரு படத்தைச் சொன்னது.

"நீ அதைப் பாத்தியா?" என்றது மூத்த விமர்சகரான முன்வரிசை நாற்காலி.

"பாக்கல. என்மேல ஒரு அம்மா உட்கார்ந்திருந்தாங்க. படம் முடிஞ்சு லைட்டு போட்ட பிறகும் அவங்களுக்கு எழுந்திருக்க மனசே வரல."

"பாக்காதவனுக்கு ஏது ஓட்டு?"

விருதை அறிவித்ததும் நாற்காலிகள் எல்லாம் படபடவென்று மடங்கிக் கைதட்டின. ஓரத்து நாற்காலி மட்டும், அந்த அம்மா இன்னும் எழுந்து போகாததுபோல, விரிந்தபடியே இருந்தது.