துணைக்கு ஆள் வேண்டாமா?

"ஓப்பல் ரத்தினச் சுரங்கத்தை மூடினதும் ஊரே காலியாயிடுச்சு. எண்பத்திரண்டு வயசுல இந்தப் பாலைவனத்துல ஒண்டியா இருக்கீங்க. ஆபத்துன்னா யாரும்மா ஓடி வருவாங்க?" என்று கேட்டார் கவுன்சில் அதிகாரி கிரெய்க்.

"யாரும் வரமாட்டாங்க தம்பி" என்றாள் எட்னா.

"தெரியுதுல்ல? முதியோர் இல்லத்துக்கு வர்றேன்னு இந்த ஃபாரத்துல கையெழுத்துப் போடுங்க."

"கை காலியில்லை. கொஞ்சம் பொறுங்க."

"பிடிவாதம் வேண்டாம்மா. உங்களால தனியாச் சமாளிக்க முடியாது."

அவர் இறங்காமல் உட்கார்ந்திருந்த ஜீப்பின் நான்காவது டயரிலும் பாதிக் காற்றை இறக்கினாள் எட்னா. புதைந்த சக்கரங்களைச் சுற்றியிருந்த மணலைத் தோண்டித் தள்ளிவிட்டு, மண்வெட்டியை ஊன்றி நிமிர்ந்தாள்.

"இப்ப மெதுவா எடுங்க. டயர்ல காத்தைக் குறைக்காம, இதே ஃபாரத்தோட வந்து மணல்ல மாட்டின மூணாவது ஆபீசர் நீங்க. நான் கிளம்பிட்டா நாலாவது ஆளோட கதி என்னாகும்?"