ஏழாம் எண் கட்டுரை

"சரின்னு ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்கம்மா. நான் கையெழுத்துப் போட்டுக் கொண்டுபோயிடறேன்" என்று அவசரப்படுத்தினார் பாதிரியார் ஃபுல்ஜென்சியோ.

சீமாட்டி ஒத்தாவியா தலை நிமிரவில்லை. வெரோனா அறிஞர் சபை நடத்திய போட்டிக்கு வந்த ஏழாம் எண் கட்டுரை அவள் மடியில் இருந்தது. ஆதிஜே ஆற்றுக்கு எவ்வளவு உயரத்தில் கரை கட்டுவது என்ற கணக்கு. கையெழுத்தை வைத்து ஆளைக் கண்டுபிடிக்கக் கூடாதென்று எல்லாவற்றையும் சபையின் எழுத்தரே நகல் எடுத்திருந்தார்.

பாதிரியார் உட்பட நடுவர்கள் ஐவருக்கும் கட்டுரை பிடித்துவிட்டது, கணக்குத்தான் பிடிபடவில்லை. அந்த மாதிரி நேரங்களில் பாதிரியார் பின்வாசல் வழியாக இங்கே வந்துவிடுவார். பன்னிரண்டு வருஷமாக இதே கூத்துதான். மூளை இவளுடையது, பெயர் அவருடையது.

"ஜெயிக்கிறவருக்கு என்ன கிடைக்கும், சாமி?"

"தெரியாத மாதிரி கேக்கறீங்களே! சபையில நாற்காலி. சாகிற வரைக்கும்."

அந்த நாற்காலிக்கு அவள் ஏங்கிய ஏக்கம் ஊரறிந்தது. மூன்று முறை மனுப் போட்டாள். பெண்கள் மாடத்தில் உட்கார்ந்து கேட்கலாம் என்று மூன்று முறையும் பதில் வந்தது.

முப்பத்தோராம் பக்கத்தில் அவள் விரல் நின்றது. முகம் வெளுத்தது. திரும்பத் திரும்பக் கணக்குப் போட்டுப் பார்த்தாள்.

"தப்பு" என்றாள் கடைசியில்.

பாதிரியாருக்குச் சுருக்கென்றது. "வெளிப்படையாவே கேக்கறேன், பொறாமையா? நமக்குக் கிடைக்காதது இன்னொருத்தனுக்குக் கிடைச்சா வயிறு எரியத்தானே செய்யும்!"

"எரியுதுதான். இங்க பாருங்க. ஆறு வளையற இடத்துல தண்ணியோட வேகத்தைப் பாதியாக் குறைச்சுப் போட்டிருக்கு. இதை நம்பிக் கட்டினா கரை மூணடி குட்டையா நிக்கும். வசந்த காலத்துல வேலையை ஆரம்பிச்சிடுவாங்க இல்லையா?"

"ஆமா. ஆனா இதை யாரும்மா கண்டுபிடிக்கப் போறாங்க?"

"வெள்ளம் கண்டுபிடிக்கும், சாமி. கீழ்க்கரையில பதினோரு ஊர் இருக்கு."

பாதிரியார் குனிந்து பார்த்தார். புரிந்ததோ இல்லையோ, முகம் மலர்ந்தது. "நல்லவேளை, என் கண்ணுல பட்டுச்சு! சபையில நாளைக்கு என்னைத் தூக்கி வச்சுக் கொண்டாடுவாங்க. எழுதினவன் எவனோ அரைவேக்காடு."

கட்டுரையோடு வந்த, எழுதியவர் பெயர் அடங்கிய உறையைப் பையிலிருந்து எடுத்தார். அரக்கு முத்திரை கலையாமல் இருந்தது. ஜெயித்தவர் உறையை மட்டும்தான் பிரிப்பார்கள். தோற்றவர் பெயர் யாருக்கும் தெரியாமல் எரித்துவிடுவது சபை வழக்கம்.

"இந்த மேதாவி யாருன்னு லேசாப் பிரிச்சுப் பாத்துடலாமா?"

"வேண்டாம், சாமி. தோத்தவங்களுக்கு அந்த மானமாவது மிஞ்சட்டும்."

அவர் சிரித்துக்கொண்டே உறையைக் கணப்பில் வீசிவிட்டு, சாக்லேட் கோப்பையைக் கையில் எடுத்தார்.

தன் கையாலேயே எழுதி, தானே அரக்கு வைத்து மூடிய தன் பெயர் சாம்பலாகும்வரை ஒத்தாவியா அங்கிருந்து கண்ணை எடுக்கவில்லை.